பழைய மென்பொருளைப் புதிய கணினியில் ஓட்ட: பொதியாகக் கட்டுவதா, மெய்நிகர் கணினியா, மாற்றிவிடுவதா?

விண்டோஸ் 10-க்கான ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு நிறுத்தியதிலிருந்து, டெல்டாவின் அரவை ஆலைகளிலும் அடகுக் கடைகளிலும் அச்சகங்களிலும் ஒரே கேள்வி திரும்பத் திரும்ப எழுகிறது. கணினியை மாற்றியாக வேண்டும். ஆனால் அதில் ஓடும் மென்பொருள் இருபது ஆண்டுகளுக்கு முன் எழுதப்பட்டது. எழுதிக் கொடுத்தவர் ஊரைவிட்டுப் போய் நெடுநாளாயிற்று. நிறுவும் சிடி எங்கே இருக்கிறதென்று கடையில் ஒருவருக்கும் தெரியாது. மென்பொருளை அப்படியே ஒரு பொதியாகக் கட்டிப் புதிய கணினிக்குக் கொண்டுபோய்விடலாம் என்கிறார் ஒருவர். மெய்நிகர் கணினி போட்டுக்கொள்ளுங்கள் என்கிறார் இன்னொருவர். இதையெல்லாம் விட்டுவிட்டுப் புதிதாக வாங்குங்கள் என்கிறார் விற்பனையாளர். மூவரும் சில இடங்களில் சரியாகவும் சில இடங்களில் தவறாகவும் சொல்கிறார்கள்.

பேச்சு பொதுப்படையாகப் போய்விடாமலிருக்க, நான் வேலை பார்த்த மூன்று இடங்களைக் கடைசிவரை உடன் வைத்துக்கொள்கிறேன். மன்னார்குடிப் பக்கத்தில் ஓர் அரவை ஆலை: எடைமேடையிலிருந்து எடையை நேரடியாக வாங்கிச் சீட்டு அடிக்கும் விஷுவல் பேசிக் 6 மென்பொருள். கும்பகோணத்தில் ஒரு நகை அடகுக் கடை: டாஸ் காலத்து ஃபாக்ஸ்புரோ 2.6-இல் எழுதப்பட்ட வட்டிக் கணக்கு. தஞ்சாவூரில் கல்யாணப் பத்திரிகை அடிக்கும் ஓர் அச்சகம்: பக்கம் வடிவமைக்கும் பேஜ்மேக்கர் 7.0, ஒருங்குறிக்கு (யூனிகோடுக்கு) முந்தைய தமிழ் எழுத்துருக்கள், உரிமத்துக்குச் சாவியாகக் கணினியின் பின்புறம் செருகிய டாங்கிள்.

## எதை வைத்து முடிவெடுப்பது

முதலில் பார்க்க வேண்டியது, மென்பொருள் 16, 32, 64 என எத்தனை பிட் வகை என்பது. மற்ற எல்லா அளவுகோல்களும் இதற்குப் பிறகுதான். 64-பிட் விண்டோஸில் 16-பிட் நிரல்கள் ஓடுவதில்லை. விண்டோஸ் 11-க்கோ 32-பிட் பதிப்பே கிடையாது. ஆகவே டாஸ் நிரலும், விண்டோஸ் 3.1 காலத்து நிரலும் புதிய கணினியில் நேரடியாக ஓட வழியில்லை. சோதிப்பது எளிது: பழைய 32-பிட் கணினியில் மென்பொருளைத் திறந்து வைத்துக்கொண்டு டாஸ்க் மேனேஜரைப் பாருங்கள், ஓடும் நிரல்களின் பட்டியலில் ‘என்டிவிடிஎம்’ என்ற பெயர் தெரிந்தால், உங்கள் மென்பொருள் 16-பிட் வகை அல்லது டாஸ் வகை.

இரண்டாவது, மென்பொருள் எந்தெந்த வன்பொருளைத் தொடுகிறது என்பது: டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டர், எடைமேடையின் இண்டிகேட்டர், டாங்கிள், பார்கோடு ஸ்கேனர். இவற்றில் எதற்குத் தனி டிரைவர் (வன்பொருளை விண்டோஸோடு பேசவைக்கும் நிரல்) தேவை, எது விண்டோஸ் தரும் பொதுவான போர்ட் வழியாகவே பேசிக்கொள்கிறது என்று பிரித்து எழுதி வையுங்கள். முடிவு பெரும்பாலும் அந்தத் தாளிலேயே கிடைத்துவிடும்.

மூன்றாவது, நிறுவும் சிடியோ செட்டப் கோப்போ கையில் இருக்கிறதா என்பது. நான்காவது, கணக்கு எந்தக் கோப்புறையில் எழுதப்படுகிறது, எத்தனை பேர் ஒரே நேரத்தில் எழுதுகிறார்கள் என்பது. இந்த நான்காவதைத்தான் எல்லோரும் கேட்க மறந்துவிடுகிறார்கள், பிறகு அதற்குத்தான் அதிக விலை கொடுக்கிறார்கள்.

ஐந்தாவது, இன்னும் எத்தனை ஆண்டுகளுக்கு இந்த மென்பொருள் தேவை என்பது. அன்றாடம் பில் போட வேண்டுமா, அல்லது பழைய கணக்கை எடுத்துக் காட்டினால் போதுமா? சரக்கு மற்றும் சேவை வரிச் சட்டம், ஆண்டுக் கணக்கைத் தாக்கல் செய்வதற்கான கடைசி நாளிலிருந்து 72 மாதங்கள்வரை கணக்கு ஆவணங்களை வைத்திருக்கச் சொல்கிறது. காட்டுவதற்காக மட்டும் ஒரு மென்பொருளை உயிரோடு வைத்திருப்பதும், அதை நம்பித் தொழில் நடத்துவதும் வேறு வேறு தேவைகள். உரிமம், பராமரிக்க வரும் ஆள் ஆகிய இரண்டையும் அந்தந்த வழியைப் பற்றிச் சொல்லும்போது பார்க்கலாம்.

## பொதியாகக் கட்டுவது

அப்ளிகேஷன் விர்ச்சுவலைசேஷன் எனப்படும் செயலி மெய்நிகராக்கத்தின் அடிப்படை எளிமையானது. வேறெதுவும் நிறுவப்படாத சுத்தமான ஒரு விண்டோஸை எடுத்துக்கொண்டு அதன் நிலையைப் பதிவு செய்கிறோம். பிறகு பழைய மென்பொருளை அதில் நிறுவி, மறுபடியும் பதிவு செய்கிறோம். இரண்டுக்கும் நடுவே சேர்ந்த கோப்புகளும், ரெஜிஸ்ட்ரி என்னும் விண்டோஸின் அமைப்புப் பதிவேட்டில் சேர்ந்த பதிவுகளும் ஒரு பொதியாகத் திரட்டப்படுகின்றன. அந்தப் பொதியைப் புதிய கணினியில் திறக்கும்போது, மென்பொருள் தான் கேட்கும் கோப்பும் பதிவும் கணினியிலேயே இருப்பதாக நினைத்துக்கொள்கிறது. உண்மையில் அவை பொதிக்குள்தான் இருக்கின்றன. அது எதையாவது எழுத முயன்றால், அந்த எழுத்து திசைதிருப்பப்பட்டு சாண்ட்பாக்ஸ் என்னும் தனி இடத்துக்குப் போய்ச் சேருகிறது. புதிய விண்டோஸின் உடம்பில் கீறல் விழுவதில்லை.

இவ்வழி எங்கே உண்மையாகவே சிறந்தது என்பதற்கு மன்னார்குடி ஆலை நல்ல எடுத்துக்காட்டு. அங்கிருந்த எடைச்சீட்டு மென்பொருள் 32-பிட் நிரல். விஷுவல் பேசிக் 6-இன் இயக்க நூலகம் விண்டோஸ் 11-லும் ஓடும். ஆனால் மென்பொருள் தன்னோடு சேர்த்துக் கொண்டுவந்த ஓசிஎக்ஸ் என்னும் துணைக்கூறுக் கோப்புகள்தான் தொல்லை கொடுக்கும். சீரியல் போர்ட்டைப் படிக்கும் எம்எஸ்காம்32 ஒரு பதிப்பு, அறிக்கை அடிக்கும் கூறு இன்னொரு பதிப்பு, அதே கணினியில் இருக்கும் வேறொரு மென்பொருள் நிறுவியது மூன்றாவது பதிப்பு என்று ஒன்றையொன்று மிதித்துக்கொள்ளும். பொதிக்குள் ஒவ்வொரு மென்பொருளும் தனக்கு வேண்டிய பதிப்பைத் தானே வைத்துக்கொள்வதால் இந்தச் சண்டை எழுவதே இல்லை. எடைமேடையின் இண்டிகேட்டர் ஆர்எஸ்-232 இணைப்பு வழியாக எடையை அனுப்புகிறது. புதிய கணினியில் சீரியல் போர்ட் இல்லாததால் யூஎஸ்பி-சீரியல் கேபிள் ஒன்று தேவைப்படும். அதன் டிரைவர் வெளியே, விண்டோஸில்தான் நிறுவப்படும். பொதிக்குள் இருக்கும் மென்பொருள் அந்தப் போர்ட்டைத் தடையின்றிக் காணும். ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும்: எம்எஸ்காம் கூறு 16-ஆம் எண்வரையிலான காம் போர்ட்டைத்தான் ஏற்கும். கேபிளை மாற்றி மாற்றிச் செருகியதில் விண்டோஸ் அதற்குக் காம் 17, காம் 18 என்று எண் கொடுத்திருந்தால் எடை வராது, பழி பொதியின் மேல் விழும். டிவைஸ் மேனேஜரில் எண்ணைக் குறைத்து வைத்தால் சரியாகிவிடும்.

இன்னொரு நல்ல பயனும் உண்டு. பழைய 32-பிட் மென்பொருள்கள் சிலவற்றின் செட்டப் நிரல் மட்டும் 16-பிட்டாக இருக்கும். மென்பொருள் ஓடும், ஆனால் நிறுவ முடியாது. பழைய 32-பிட் விண்டோஸில் நிறுவிப் பொதியாகக் கட்டி 64-பிட் கணினிக்குக் கொண்டுபோனால் இந்தத் தடை விலகும்.

இனி மறைந்திருக்கும் செலவுகள். பெரியது சாண்ட்பாக்ஸ்தான். பழைய மென்பொருள்கள் கணக்கைத் தாம் நிறுவப்பட்ட கோப்புறையிலேயே எழுதும் பழக்கமுடையவை. பொதியைக் கட்டியவர் அந்தக் கோப்புறையைச் சாண்ட்பாக்ஸுக்குத் திசைதிருப்பி விட்டால், ஆண்டு முழுவதற்குமான வரவுசெலவு, பயனரின் புரொஃபைலுக்குள் யாருக்கும் தெரியாத ஓரிடத்தில் சேர்ந்துகொண்டிருக்கும். நாள்தோறும் பென்டிரைவில் ‘சி டிரைவில் உள்ள கணக்கு’ என்று எடுத்து வைத்த பேக்கப்பில் அது இருக்காது. காலையில் கணக்குப்பிள்ளை ஒரு பயனர் பெயரிலும், மாலையில் முதலாளியின் மகன் இன்னொரு பெயரிலும் திறந்தால், ஒரே மென்பொருளில் இரண்டு வெவ்வேறு பேரேடுகள் வளரும். மென்பொருளில் ஏதோ கோளாறு என்று யாராவது சாண்ட்பாக்ஸை அழித்துச் சரிசெய்தால், கணக்கும் அதோடு அழியும். நான் பார்த்த ஆலையில் இரண்டாவதுதான் நடந்தது. இரண்டு பேரேடுகளையும் எடைச்சீட்டின் அடிக்கட்டைகளோடு ஒப்பிட்டு ஒன்றாக்க நான்கு நாள் ஆயிற்று. ஆகவே பொதி கட்டும்போதே கணக்குக் கோப்புறையை மட்டும் திசைதிருப்பலிலிருந்து விலக்கி, வெளியே டி டிரைவில் வெளிப்படையான ஓரிடத்தில் வைக்கச் சொல்லுங்கள். இதைச் செய்து தர முடியாதவரிடம் பொதி கட்டக் கொடுக்காதீர்கள்.

இரண்டாவது, டிரைவர். பொதி என்பது பயனர் மட்டத்தில் நடக்கும் ஏற்பாடு; விண்டோஸின் உட்கருவோடு பேசும் டிரைவரை அதற்குள் அடைக்க முடியாது. டாங்கிள் கேட்கும் மென்பொருளுக்கு டாங்கிளின் டிரைவரை வெளியே தனியாக நிறுவ வேண்டும்; அதற்கு 64-பிட் டிரைவர் கிடைத்தால் பிழைத்தோம், கிடைக்காவிட்டால் பொதியால் பயனில்லை. மூன்றாவது, ஆன்டிவைரஸ்: எல்லாவற்றையும் ஒரே எக்ஸ்இ கோப்பாக அடைக்கும் கருவிகளின் பொதிகளைச் சில ஆன்டிவைரஸ்கள் சந்தேகித்துத் தூக்கி எறிந்துவிடும். அறுவடை நடக்கும்போது, எடைமேடையின் முன்னால் லாரிகள் நிற்கையில், இது சிறிய விஷயமன்று.

நான்காவது, கருவியின் உரிமம். மைக்ரோசாஃப்டின் பொதிக் கருவியான ஆப்-வி விண்டோஸுடனேயே வருகிறது என்பது உண்மைதான். ஆனால் எண்டர்பிரைஸ், எஜுகேஷன் பதிப்புகளில் மட்டும். நம் கடைகளில் இருப்பது ஹோம் அல்லது புரோ. அதனால் சிறு வணிகருக்கு ஆப்-வி எட்டாக்கனி. தின்ஆப் என்னும் கருவி ஓடும் கணினியில் எதையும் நிறுவாமல் ஒரே கோப்பாக ஓடுவதால் பலருக்குப் பிடிக்கும். 2008-இல் விஎம்வேர் வாங்கிய அது பல நூறு கணினிகள் உள்ள நிறுவனங்களுக்காக விற்கப்படுவது. எம்எஸ்ஐஎக்ஸ் 2018-இல் வந்த மைக்ரோசாஃப்டின் புதிய பொதி வடிவம். கட்டும் கருவி இலவசம். ஆனால் பொதிக்குச் சான்றிதழ்க் கையொப்பம் இட வேண்டும். தான் நிறுவப்பட்ட கோப்புறையிலேயே எழுதும் பழைய மென்பொருளை அது எளிதில் ஏற்காது, தனியே ஒட்டுப்போட வேண்டியிருக்கும். நம் ஊரில் பொதி கட்டித் தருவதாகச் சொல்பவர்களில் எத்தனை பேரிடம் கருவிக்கு முறையான உரிமம் இருக்கிறது என்பதை நீங்கள் கேட்டுத் தெரிந்துகொள்வது நல்லது. பழைய மென்பொருளின் உரிமமும் அப்படியே: ஒரு கணினிக்கு வாங்கியதைப் பொதியாக்கி ஐந்து கணினிகளில் நகலெடுப்பதற்கு, பொதியாக்கம் எந்த அனுமதியும் தந்துவிடாது.

## மெய்நிகர் கணினி

இதில் மென்பொருளை மட்டுமன்றி அதன் விண்டோஸையும் சேர்த்து ஒரு பெட்டிக்குள் வைக்கிறோம். புதிய கணினிக்குள் ஒரு சாளரம். அதற்குள் பழைய விண்டோஸ் எக்ஸ்பி முழுதாக ஓடும். 16-பிட் மென்பொருளானாலும், பழைய யூஎஸ்பி டாங்கிளானாலும் இதற்குள் ஓட வாய்ப்பிருக்கிறது, ஏனெனில் உள்ளே இருப்பது 32-பிட் எக்ஸ்பி. டாங்கிளின் பழைய டிரைவரை அதற்குள்ளேயே நிறுவி, யூஎஸ்பி இணைப்பை உள்ளே கடத்திவிடலாம்.

நிறுவும் சிடி தொலைந்தவர்களுக்கு இதுவே உண்மையான உயிர்நாடி. ஓடிக்கொண்டிருக்கும் பழைய கணினியை அப்படியே மெய்நிகர் வட்டாக மாற்றித் தரும் டிஸ்க்2விஎச்டி போன்ற இலவசக் கருவிகள் உள்ளன. எதை எங்கே நிறுவினார்கள், எந்தக் கோப்பைத் தேட வேண்டும் என்பதொன்றும் தெரிய வேண்டியதில்லை. கணினி மொத்தமும் வந்துவிடுகிறது. முதல்முறை துவக்கும்போது வட்டுக் கட்டுப்பாட்டு டிரைவர் பொருந்தாமல் நீலத்திரை வரக்கூடும். அது தெரிந்தவருக்கு அரைநாள் வேலை.

மெய்நிகர் கணினியை ஓட்டும் கருவிகளில் விஎம்வேர் வொர்க்ஸ்டேஷன் புரோ 2024 நவம்பர் முதல் வணிகப் பயன்பாட்டுக்கும் இலவசம். விர்ச்சுவல்பாக்ஸின் அடிப்படைப் பகுதி திறமூலம். அதோடு தனியாக வரும் எக்ஸ்டென்ஷன் பேக்குக்கு வேறு உரிம நிபந்தனை உண்டு, அதைப் படிக்காமல் கடையில் போட வேண்டாம். மைக்ரோசாஃப்டின் ஹைப்பர்-வி விண்டோஸின் புரோ பதிப்பில் இருக்கிறது, ஹோமில் இல்லை. யூஎஸ்பி டாங்கிளை உள்ளே கொடுப்பதற்கு அது ஏற்றதுமன்று.

ஆக, கருவிக்குச் செலவில்லை. செலவு வேறிடங்களில் ஒளிந்திருக்கிறது. பழைய கணினியோடு வந்த ஓஇஎம் எக்ஸ்பி உரிமம் அந்தக் கணினிக்கே உரியது. அதை மெய்நிகர் பெட்டிக்கு மாற்றிக்கொள்ள உரிமம் இடந்தருவதில்லை. எக்ஸ்பிக்கான ஆதரவு 2014 ஏப்ரல் 8-இல் முடிந்தது. ஆகவே பெட்டிக்குள் இணையம் போகக்கூடாது, அதன் நெட்வொர்க்கைத் துண்டித்தே வைக்க வேண்டும். கணக்குப்பிள்ளை இனி இரண்டு டெஸ்க்டாப்புகளைக் கையாளப் பழக வேண்டும். உள்ளே அடித்த அறிக்கையை வெளியே வாட்ஸ்அப்பில் அனுப்புவதுகூட அவருக்குப் புதுப்பாடம். ‘மூடும்போது நிலையைச் சேமி’ என்று விட்டுவிட்டால், மறுநாள் திறக்கும்போது உள்ளே நேற்றைய தேதியே ஓடிக்கொண்டிருக்கும் ஆபத்தும் உண்டு. வட்டி கணக்கிடும் மென்பொருளில் ஒரு நாள் பிசகினால் அடகு வைத்தவர் கேள்வி கேட்பார், கேட்க வேண்டியதும்தான். மின்சாரம் பாதியில் போனால் உள்ளேயிருக்கும் விண்டோஸும் வெளியேயிருக்கும் விண்டோஸும் ஒன்றாக விழும். ஃபாக்ஸ்புரோ இன்டெக்ஸ் கோப்புகள் இப்படிப்பட்ட விழுதலில் முதலில் கெடுபவை. யூபிஎஸ் இல்லாத இடத்தில் இவ்வழியை நான் பரிந்துரைப்பதில்லை.

எல்பிடி எனப்படும் பழைய பேரலல் பிரிண்டர் போர்ட்டில் செருகும் டாங்கிள் தனிக்கதை. கடைகளில் விற்கும் யூஎஸ்பி-பேரலல் கேபிள்கள் பிரிண்டருக்காக மட்டும் செய்யப்பட்டவை. அவற்றின் வழியே டாங்கிள் பேசாது. மெய்நிகர் கணினியும் இங்கே கைவிடும் என்றே எண்ணிக்கொள்ளுங்கள்.

## டாஸ் எமுலேட்டர்

டாஸ் மென்பொருளுக்கு முழு எக்ஸ்பி பெட்டி தேவையில்லை, பழைய டாஸ் கணினியைப் போல நடிக்கும் எமுலேட்டர் நிரலே போதும். டாஸ்பாக்ஸ் விளையாட்டுகளுக்காக எழுதப்பட்டது. கணக்குத் தரவை அதன்மேல் நம்பி வைக்க வேண்டாம். வணிக நிரல்களுக்கென்றே எழுதப்பட்ட விடாஸ், டாஸ்பாக்ஸிலிருந்து கிளைத்து அச்சிடும் வசதியைச் சேர்த்துக்கொண்ட டாஸ்பாக்ஸ்-எக்ஸ் ஆகியவை பொருத்தமானவை. டாஸ் நிரல் எல்பிடி1-க்கு அனுப்பும் அச்சை இவை விண்டோஸ் பிரிண்டருக்குத் திருப்பிவிடும். ஆனால் அச்சடித்த ரசீதுப் படிவத்தில் எழுத்து எங்கே விழ வேண்டும் என்பதை டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டரின் கட்டளைக் குறிகளே தீர்மானிக்கின்றன. எமுலேட்டர் அவற்றைத் தானே வரைந்து அனுப்பினால் வரிகள் ஓரிரு மில்லிமீட்டர் நகரும். குறிகளை மாற்றாமல் அப்படியே பிரிண்டருக்குக் கடத்தும் அமைப்பைத் தேர்ந்தெடுத்து, வெற்றுப் படிவத்தின்மேல் பத்து ரசீதாவது அடித்துப் பாருங்கள். ஒரே தரவில் இரண்டு கணினிகள் எழுதுமானால், கோப்புப் பூட்டு சரியாக வேலை செய்கிறதா என்பதையும் இரண்டு பேர் ஒரே கணக்கைத் திறந்து சோதிக்க வேண்டும்.

விண்டோஸ் நிரல்களை லினக்ஸில் ஓட்டும் வைன் என்னும் வழியும் உண்டு. விண்டோஸ் உரிமமே தேவையில்லை. பழுது பார்க்க லினக்ஸ் தெரிந்த ஆள் பக்கத்தில் இருந்தால் மட்டும் அதைப் பற்றி யோசிக்கலாம்.

## பழைய கணினியையே வைத்துக்கொள்வது

இதைச் சொன்னால் சிரிக்கிறார்கள். ஆனால் எல்பிடி டாங்கிள் உள்ளவருக்கும், இன்னும் ஓராண்டே தேவைப்படுபவருக்கும் இதுதான் மலிவு. இணைய வயரைப் பிடுங்கிவிட்டு, வட்டை முழுதாகப் பிரதியெடுத்து, மதர்போர்டிலுள்ள சிமாஸ் பேட்டரியை (தேதியையும் அமைப்பையும் நினைவில் வைப்பது) மாற்றி, ஒரே வேலைக்கென்று ஒதுக்கி வைக்கலாம். நமக்கு எதிரி இரண்டு: தவிட்டுத் தூசியும் ஐப்பசி கார்த்திகை ஈரமும். 2018 நவம்பர் 16-இல் கஜா புயல் கரையைக் கடந்தபோது நாகப்பட்டினம், திருவாரூர் மாவட்டங்களின் பல ஊர்களில் மின்சாரம் திரும்ப நாட்கணக்கில், சில இடங்களில் வாரக்கணக்கில் ஆயிற்று. அத்தனை நாள் ஈரத்தில் கிடந்து மறுபடி மின்சாரம் பாயும்போது கருகும் பழைய மதர்போர்டுக்கு மாற்று இன்று பழைய பொருள் விற்கும் கடையில்தான் கிடைக்கும்.

## புதிய மென்பொருளுக்கு மாறுவது

விதிகள் மாறும் தொழிலுக்கு இறுதியில் இதுதான் வழி. 2017 ஜூலை 1-இல் சரக்கு மற்றும் சேவை வரி வந்தபோது, அதற்கு முந்தைய பில்லிங் மென்பொருளைப் பொதியாகக் கட்டினாலும் பெட்டிக்குள் வைத்தாலும் புதிய வரியை அது கணக்கிட்டிருக்காது. மெய்நிகராக்கம் பழையதைப் பழையதாகவே பாதுகாக்கும், அவ்வளவுதான்.

விற்பனையாளர் சொல்லும் விலையில் தரவு மாற்றம் அடங்காது. அடங்குகிறது என்று சொன்னாலும் தமிழ்ப் பெயர்களைப் பற்றிக் கேளுங்கள். ஒருங்குறிக்கு முந்தைய மென்பொருள்களில் தமிழ் எழுத்துகள் எழுத்துருவின் குறிகளாகவே சேமிக்கப்பட்டிருக்கும். 1999-இல் தமிழக அரசு ஏற்ற டாம், டாப் குறியீடுகள் சிலவற்றில், தனியார் எழுத்துருக்களின் சொந்தக் குறியீடுகள் பலவற்றில். அவற்றில் ‘கொ’ என்பது கொம்பு, ககரம், கால் என்று கண்ணுக்குத் தெரியும் வரிசையில் மூன்று குறிகளாக இருக்கும். ஒருங்குறியில் ககரம் முன்னே வந்து உயிர்க்குறி பின்னே சேரும். எழுத்துரு எது என்று அறியாமல் மாற்றினால் கோவிந்தராஜனும் செல்லம்மாளும் அடையாளம் தெரியாமல் போவார்கள். இந்த வேலைக்குத் தனியாக நேரமும் பணமும் ஒதுக்க வேண்டும்.

பழைய கணக்கைக் காட்டினால் மட்டும் போதும் என்பவர்களுக்கு மென்பொருளே தேவையில்லை. ஃபாக்ஸ்புரோவின் டிபிஎஃப் கோப்புகளை லிப்ரேஆபிஸ் கால்க் நேரடியாகத் திறக்கும். பேரேடுகளை ஆண்டுவாரியாகப் பிடிஎஃப் ஆக்கி, டிபிஎஃப் கோப்புகளையும் கூடவே சேமித்து, இரண்டு இடங்களில் வைத்துவிட்டால் மென்பொருளை நிம்மதியாக மூடலாம். பொதி கட்ட என்னிடம் வந்தவர்களில் சிலருக்கு உண்மையில் தேவைப்பட்டது இவ்வளவே.

## ஒரே பார்வையில்

| அளவுகோல் | பொதி | மெய்நிகர் கணினி | டாஸ் எமுலேட்டர் | பழைய கணினி | புதிய மென்பொருள் |
|---|---|---|---|---|---|
| 16-பிட், டாஸ் | 64-பிட் விண்டோஸில் ஓடாது | ஓடும் | டாஸ் மட்டும் ஓடும் | ஓடும் | பொருந்தாது |
| யூஎஸ்பி டாங்கிள் | 64-பிட் டிரைவர் கிடைத்தால் | பெரும்பாலும் ஓடும் | ஓடாது | ஓடும் | தேவையில்லை |
| எடைமேடை சீரியல் இணைப்பு | நன்றாக ஓடும் | ஓடும், அமைப்பு வேலை அதிகம் | சோதித்தே சொல்ல வேண்டும் | ஓடும் | புதிதாக இணைக்க வேண்டும் |
| செட்டப் சிடி இல்லை | கடினம் | கணினியையே நகலெடுக்கலாம் | கோப்புறையை நகலெடுத்தால் பெரும்பாலும் போதும் | தேவையில்லை | தேவையில்லை |
| மறைந்த செலவு | சாண்ட்பாக்ஸில் ஒளியும் கணக்கு, கருவி உரிமம் | எக்ஸ்பி உரிமம், யூபிஎஸ், பயிற்சி | அச்சு ஒழுங்கு | உதிரிபாகம் | தரவு மாற்றம் |

## மூன்று இடங்களிலும் என்ன செய்தோம்

அரவை ஆலைக்குப் பொதி. மென்பொருள் 32-பிட், செட்டப் கோப்பு ஒரு பழைய பென்டிரைவில் கிடைத்தது, டாங்கிள் இல்லை, சீரியல் இணைப்பு மட்டும்தான். முதலில் கட்டியவர் செய்த சாண்ட்பாக்ஸ் பிழையைத் திருத்தி, கணக்கைப் பொதிக்கு வெளியே, டி டிரைவுக்கு எடுத்தோம். டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டரை ஷேர் செய்து, நெட் யூஸ் கட்டளையால் எல்பிடி1 என்ற பெயரை அதற்குக் கொடுத்ததும் சீட்டு பழையபடியே வந்தது.

அடகுக் கடைக்கு எமுலேட்டர். அவர்கள் முதலில் கேட்டது பொதிதான். டாஸ் நிரலுக்கு அது உதவாது என்று விளங்கவைக்க ஒரு மாலைப்பொழுது பிடித்தது. ரசீது வரிகளைச் சரிசெய்வதில்தான் நேரம் போயிற்று.

அச்சகத்தில் நான் தயங்கினேன். பேஜ்மேக்கர் 7.0-ஐப் பொதியாகக் கட்ட முடியும். ஆனால் எழுத்துருக்களும், தமிழ் விசைப்பலகை மென்பொருளும், பேஜ்மேக்கரும் ஒரே பொதிக்குள் இருந்தாக வேண்டும், தனித்தனிப் பொதிகளானால் ஒன்றையொன்று காணாது. எழுத்துரு மென்பொருளின் டாங்கிள் யூஎஸ்பி வகை. அதற்கு 64-பிட் டிரைவர் கிடைக்கவில்லை. ஆகவே மெய்நிகர் கணினி. உள்ளே பக்கம் வடிவமைத்துப் பிடிஎஃப் ஆக்கி வெளியே எடுத்து அச்சுக்கு அனுப்புகிறார்கள். புதிதாக வரும் பத்திரிகைகளை மட்டும் ஒருங்குறியில், புதிய மென்பொருளில் செய்யத் தொடங்கியிருக்கிறார்கள். பழைய வாடிக்கையாளர் ‘அண்ணன் கல்யாணத்துக்கு அடித்த அதே மாதிரி’ என்று கேட்டு வரும்போது பெட்டியைத் திறக்கிறார்கள்.

எந்த வழியானாலும், மாற்றத்தைச் செய்யும் மாதம் முக்கியம். ஆலைக்காரர்கள் குறுவை அறுவடை நடக்கும் செப்டம்பர், அக்டோபரிலும், சம்பா, தாளடி களத்துக்கு வரும் ஜனவரி முதல் மார்ச்வரையிலும் கணினியில் கை வைக்கக் கூடாது. சித்திரைக்குப் பிறகு, குறுவை நெல் வருவதற்கு முன்னால் கிடைக்கும் மாதங்களே பாதுகாப்பானவை. அந்த மாதங்களில் பழைய கணினியையும் புதியதையும் குறைந்தது இரண்டு வாரம் ஒன்றாக ஓட்டி, ஒவ்வொரு மாலையும் இரண்டிலும் நாளின் மொத்த மூட்டை, மொத்த எடை, மொத்தத் தொகை ஆகிய மூன்றையும் ஒரே நோட்டில் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள். மூன்றும் தொடர்ந்து பத்து நாள் ஒத்துவந்த பிறகு பழைய கணினியை அணைக்கலாம். அதன் வட்டைக் கழற்றி, தேதி எழுதி, ஈரம் படாத அலமாரியில் வையுங்கள்.